பலகைக் கட்டில்

அத்தைக்கு,

வழக்கம்போல ஆறு மணிக்கு எழுந்தேன். வெந்நீர் வைத்தேன். சண்முகவள்ளியின் முதுகைத் துடைக்கும் துணியை நனைத்துப் பிழிந்த பிறகுதான், அவள் போய்ச்சேர்ந்து பதினோரு நாள் ஆனது நினைவுக்கு வந்தது.

பள்ளிக்கூடத்துக்குப் பாடம் நடத்தப் போகிறேன். கஞ்சி அடுப்பில் இருக்கிறது. அவளுக்காக இரவல் வாங்கிய பலகைக் கட்டிலை எடுத்துப்போக ஆஸ்பத்திரி ஆள் வருவார்; கொடுத்துவிடுங்கள். உங்கள் ஊர் பண்ணைக்காட்டுக்கு இன்று பஸ் ஏறவேண்டாம்.

இரண்டு பேராகப் பிடித்துத் திருப்பவேண்டிய மகளை நீங்கள் தனியாகத் திருப்பியதால்தான் முதுகெலும்பு கெட்டது என்று அன்று கத்தினேன். அது உண்மையில்லை. எலும்புக்காசம் முன்பே முற்றிவிட்டதாக டாக்டர் என்னிடம் சொல்லியிருந்தார்.

இன்னொன்று. நீங்கள் பக்கத்தில் இல்லாதபோது கடைசியாக அவள் சொன்னதை உங்களிடம் மறைத்துவிட்டேன்: "உங்க கை சில்லுன்னு கெடக்குங்க. அம்மாவ வெரசா வரச்சொல்லுங்க, அதுவே திருப்பிப் போடட்டும்."