சாமர்கந்தில் சுடாத கல்

பிப்ரவரி 9, 1974. சனி இரவு. கர்க்லாண்ட், மாண்ட்ரியல்.

இன்று டாக்டர் மீனாட்சியும் அவள் கணவரும் சாப்பிட வந்தார்கள். சாப்பாடு முடிந்ததும் இவர் புரொஜெக்டரை எடுத்து வைத்து, போன கோடையில் நாங்கள் இருவரும் சோவியத் நாட்டில் வழிகாட்டியோடு சாமர்கந்தைச் சுற்றிப் பார்த்த படங்களைக் காட்டினார். நீல ஓடு, நீலக் கோபுரம், மறுபடி நீல ஓடு. எனக்கே கொட்டாவி வந்தது.

பிறகு அந்தப் படம் வந்தது. ஏதோ ராஜாவின் சமாதி. ஷூவோடு போகலாம் என்று வழிகாட்டிப் பெண் சொல்லியும், கோயில் பழக்கத்தில் நாங்கள் இருவரும் வாசலிலேயே கழற்றிவிட்டோம். உச்சி வெயில். முற்றத்துக் கல்லில் கால் வைக்க முடியாமல் நான் நிழலுக்கு ஓடினேன். அங்கிருந்து எடுத்த படம் அது. இவர் வெயிலில் வெறுங்காலோடு நின்று சிரிக்கிறார்.

"கால் சுடலையா சார்?" என்று மீனாட்சி கேட்டாள்.

"கோயில் பிரகாரம் சுத்தின காலும்மா இது! சுடவே இல்லை."

அவள் கணவரும் நானும் சிரித்தோம். அவள் சிரிக்கவில்லை.

"கடைசியா எப்ப சுகர் பார்த்தீங்க?"

இவர் அடுத்த படத்தைத் தள்ளிவிட்டார்.

சாமர்கந்தில் அன்று இவர் அப்படி நின்றது எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது. சுகர் இருந்த மாமனாருக்கும் முதலில் கால் விரலில்தான்... வேண்டாம், அதை எழுத மனம் வரவில்லை.

அவர்களைக் கார் வரை வழியனுப்பிவிட்டு, பனியில் நடந்து இவர் உள்ளே வந்தார். "நல்ல பொண்ணுதான். ஆனா எதைப் பார்த்தாலும் வியாதிதான் தெரியுது அவளுக்கு," என்றார்.

ஒரு காலில் செருப்பு இல்லை. வெளியே பனியில் எங்கேயோ கழன்றிருக்கிறது.

நான் சொன்ன பிறகுதான் குனிந்து பார்த்தார்.