ஏழாம் எண்ணுக்கு வந்த உறையைத் திரும்பப் பெறக் கோரும் மனு

அனுப்புநர்:
பதிலளித்தவர் எண் 7,
சட்டைத் தொழிற்சாலை, மூன்றாம் தளம்.
(பெயர் எழுதத் துணிவில்லை. பொறுத்தருள்க.)

பெறுநர்:
தலைவர் அவர்கள்,
ஆய்வு நெறிமுறைக் குழு,
பல்கலைக்கழகம்.

பொருள்: மேலாளர் மேசையில் பிரிக்கப்படாமல் கிடக்கும் உறையை வியாழன் காலைக்குள் மீட்டுத் தருதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

1. நான் சட்டைகளில் தையலைச் சரிபார்ப்பவள். தொழிலாளர் பாதுகாப்பு பற்றி ஆராயும் தங்கள் மாணவி இரண்டு மாதங்களுக்கு முன் பூங்காவில் வைத்து என்னைப் பேட்டி கண்டார். "பேரே வராதுக்கா, வெறும் நம்பர்தான்" என்றார். நம்பி, மனத்தில் இருந்ததைக் கொட்டிவிட்டேன்.

2. எங்கள் தளத்தின் பின்படிக்கட்டுக் கதவு எப்போதும் பூட்டியிருக்கும். துணி திருடு போகாமலிருக்க, சாவி மேலாளரிடம். ஒருநாள் இஸ்திரி மேசை கருகிப் புகை சூழ்ந்தபோது அந்தக் கதவைத்தான் இடித்துக்கொண்டு நின்றோம். பிறகு, கதவு திறந்திருந்ததாக எல்லாரிடமும் கையெழுத்து வாங்கினார்கள். நானும் போட்டேன். இதையும் சொன்னேன்.

3. சொன்னதைச் சொன்னவரிடமே காட்டிச் சரிபார்ப்பது தங்கள் ஆய்வு முறையாம். நல்ல முறைதான். ஆனால் மாணவி, என் பெயரை மறைக்க வேண்டும் என்ற அக்கறையில், நான் சொன்னதையெல்லாம் எழுதிய தாள்களை உறையிலிட்டு, மேலே "பதிலளித்தவர் எண் 7, மூன்றாம் தளம், தையல் சரிபார்ப்பு" என்று மட்டும் எழுதித் தொழிற்சாலைக்கே தபாலில் அனுப்பிவிட்டார். வீட்டு முகவரியை நான் தரவில்லை, அவரும் கேட்கவில்லை.

4. நேற்று எழுத்தர் உறையோடு மேலே வந்து, "இங்க ஏழாம் நம்பர் யாரும்மா?" என்று சத்தமாகக் கேட்டார். நான் கையிலிருந்த சட்டைக் காலரையே பார்த்துக்கொண்டிருந்தேன். "சரி, மேலாளர் வந்து பாத்துக்கட்டும்" என்று அவர் மேசையில் வைத்துவிட்டார். மேலாளர் விடுப்பு முடிந்து வியாழன் காலை வருகிறார்.

5. அந்தத் தளத்தில் தையல் பார்ப்பவர்கள் இரண்டே பேர், நானும் என் நாத்தனாரும். உறையைப் பிரித்தால் எண்ணிப் பார்க்கக்கூட வேண்டியதில்லை. அவளுக்கு எதுவும் தெரியாது. "என்ன அண்ணி, முகமே சரியில்ல?" என்று கேட்டாள். தலைவலி என்றேன். எனக்குச் சோறு இறங்கவில்லை ஐயா. லிஃப்ட் திறக்கும் சத்தம் கேட்டாலே சட்டையைக் கீழே வைத்துவிட்டு யார் என்று பார்க்கிறேன்.

6. மாணவியிடம் தொலைபேசியில் அழுதேன், அவரும் அழுதார். குழுத் தலைவர் சொன்னால்தான் நடக்கும் என்றார். ஆகவே பல்கலைக்கழக முத்திரையோடு பொறுப்பான ஒருவர் நாளைக்குள் நேரில் சென்று, உறை தவறுதலாக வந்துவிட்டது என்று கூறி வாங்கிவர வேண்டுகிறேன். தயவுசெய்து தொலைபேசியில் கேட்க வேண்டாம், கேட்டால் பிரித்துப் பார்ப்பார்கள். இம்மனுவுக்குப் பதில் கடிதமும் அனுப்ப வேண்டாம்.

7. இன்னொன்று. நான் பயந்துவிட்டேன் என்பதற்காகக் கதவைப் பற்றிய வரிகளை அடித்துவிடாதீர்கள். என்னை எப்படியாவது மறைத்துவிட்டு, அதை மட்டும் வெளியே சொல்லுங்கள். இன்று காலையும் தள்ளிப் பார்த்தேன். பூட்டித்தான் இருக்கிறது. உள்ளே அறுபத்திரண்டு பேர் வேலை செய்கிறோம்.

இடம்: தங்கள் அலுவலக வாசல்
நாள்: 14, செவ்வாய்

தங்களையே நம்பியிருக்கும்,
எண் 7