தொண்ணூற்றேழில் நின்ற லாரி

நவம்பர் 17, திங்கள்

காலையிலிருந்து தூறல். கடை வாசல் சாக்கை இரண்டு முறை மாற்றியாச்சு. ஜெராக்ஸ் பேப்பர் நமத்துப்போய் மிஷினில் சிக்குகிறது. பண்டலைப் பிரித்து யூபிஎஸ் மேல் வைத்தேன். அந்தச் சூடு போதும்.

செய்ய வேண்டியவை: சொசைட்டி பிரிண்டருக்கு இங்க். உரக்கடை கேமரா, பூனை ஓடினாலும் படம் பிடிக்கிறதாம். பெயின்ட் அடிக்கிறவருக்கு போன், கடை போர்டில் 'வ' அழிந்துபோய் 'சந்தா கம்ப்யூட்டர்ஸ்' என்று நிற்கிறது.

மதியம் சரவணன் வந்தான். கத்தாரில் டிரைவர். லீவில் வந்திருக்கிறான், ஞாயிறு திரும்பப் போகிறான். நான் பிரவுசிங் சென்டர் வைத்திருந்த காலத்தில் அண்ணனும் தம்பியும் பள்ளிக்கூடம் விட்டால் என் கடைதான். அண்ணன் செல்வம் இப்போது கதிர் அறுக்கும் மிஷின் ஓட்டுகிறார். புரட்டாசி அறுப்பில் பெல்ட்டில் வலது கை மாட்டிவிட்டது. எனக்கு இன்றைக்குத்தான் தெரியும்.

"கட்டு பிரிச்சாச்சுக்கா. விரல்தான் மடங்க மாட்டேங்குது. பயிற்சி குடுக்கச் சொல்லி ரப்பர் பந்து குடுத்திருக்காங்க. அதைத் தூக்கி ஆட்டுத்தொட்டியில போட்டுட்டான்."

"ஏன்?"

"பெசையச் சொல்றாங்க, நான் என்ன பரோட்டா மாஸ்டரான்னு கேக்குறான்."

தை அறுப்புக்கு மிஷின் வயலில் இறங்கும். அதற்குள் விரல் மடங்கி லீவரைப் பிடிக்காவிட்டால் ஓனர் வேறு டிரைவரைப் போட்டுவிடுவார். சொல்லியே விட்டாராம்.

சரவணன் வந்தது இதற்காக. அந்த மலை லாரி கேம் வேண்டும். லோடு ஏற்றிய லாரி, மலை ரோடு, நான்கு அம்புக்குறி பட்டன், அவ்வளவுதான். செல்வம் அதில் ராஜா. அது வந்தால் அவர் கை தானாக பட்டனுக்குப் போகும் என்கிறான். போனில் வேறு கேம் போட்டுக் கொடுத்தானாம். கொசு அடிக்கிற மாதிரி இருக்கு என்று திருப்பிக் கொடுத்துவிட்டாராம்.

பஸ் ஸ்டாண்டு பக்கம் புதுசாகத் திறந்திருக்கும் கண்ணாடிக் கடையில் முதலில் கேட்டிருக்கிறான். அதெல்லாம் இப்ப கிடைக்காது என்று சொல்லிவிட்டார்கள். என்னிடம் இரண்டாவதாக வந்ததில் கொஞ்சம் கோபம். காட்டிக்கொள்ளவில்லை.

சனிக்கிழமை வீட்டுக்கே வந்து போட்டுத் தருகிறேன் என்று சொல்லிவிட்டேன். கேம் கையில் இல்லை. வாய் முந்திவிட்டது.

நவம்பர் 18, செவ்வாய்

வெயில் எட்டிப் பார்த்தது. உரக்கடை கேமராவைத் திருப்பி வைத்தேன். பூனை பிரச்சினை தீர்ந்தது.

என்னிடம் கேம் இருந்த டிஸ்க் எல்லாம் புயல் வந்த வருசம் தண்ணீரில் போச்சு. கேமைச் செய்த கம்பெனியையும் மூடிவிட்டார்கள். காசு கட்டி வாங்கலாம் என்று தேடினேன், விற்க ஆளே இல்லை. அதனால் பழைய வழி. டோரன்ட். இப்போதெல்லாம் அதைத் தொடுவதில்லை. புது கேம் கேட்டு வரும் பையன்களைக் காசு கட்டி வாங்கச் சொல்லிவிடுகிறேன். வைரஸ் ஏறினால் கெடுவது என் கடைப் பெயர்.

தேடியதில் ஒன்றே ஒன்று அகப்பட்டது. ஓடத் தொடங்கியது. டீ குடித்துவிட்டு வந்து பார்த்தால் பாதி. சாப்பிட்டு வந்தால் 97 சதவீதம். அங்கேயே நிற்கிறது.

வீட்டுக்காரர் வயலிலிருந்து வந்தவர் திரையைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"என்ன வசந்தா, இங்கிட்டு மோட்டார் ஓடுது, தண்ணி வரலையா?"

"இது ஒரு ஆள்ட்ட மொத்தமா வாங்குறது இல்லைங்க. வச்சிருக்கிற எல்லார்ட்டயும் துண்டு துண்டா வாங்கிச் சேக்குறது. நம்ம வாங்குன துண்டை அப்பவே அடுத்தவனுக்கும் குடுக்கணும்."

"சரி. எவன்ட்டயும் இல்லாத துண்டு?"

"அதான் நிக்குது."

ஒரு கேள்வியில் பிடித்துவிட்டார். முழுதாக வைத்திருப்பவர் ஒருத்தர் சிஸ்டத்தை ஆன் செய்து வைத்தால் போதும், எல்லாருக்கும் முடிந்துவிடும். அதற்குப் பெயர் சீடு போடுவது. அந்த ஒருத்தர்தான் இல்லை. பிரேசில்காரன், போலந்துகாரன், இன்னும் யார் யாரோ, எல்லாருமே 97-ல் நிற்கிறார்கள். ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்த்துக்கொண்டு பந்தியில் உட்கார்ந்திருக்கிற மாதிரி.

நவம்பர் 19, புதன்

மழை. கரன்ட் போவதும் வருவதும். 97.

சொசைட்டி பிரிண்டர் முடிந்தது. அங்கே புதுசாக வந்த கிளார்க், "மெக்கானிக் வரலையாம்மா?" என்றார். நான்தான் மெக்கானிக் என்றேன். ஒரு ஜெராக்ஸ் மிஷினோடு கடை போட்ட நாளிலிருந்து கேட்கிற கேள்வி. அப்போது "வீட்டுக்காரர் இல்லையா?" என்பார்கள். வீட்டுக்காரர் வயலில் இருக்கார், மிஷினுக்கு என்ன, அதைச் சொல்லுங்க என்பேன். இன்றைக்குக் கறம்பக்குடியில் பாதிக் கடை பில் என் சிஸ்டத்தில்தான் ஓடுகிறது.

எங்கே கிடைக்கும்? என்னிடம் சிஸ்டம் வாங்கியவர்களுக்கெல்லாம் கேம் ஏற்றிக் கொடுத்தேன். இன்ஸ்டால் செய்த பிறகும் முழு ஃபோல்டரை டி டிரைவில் விட்டுவிட்டு வருவது என் பழக்கம். அழிந்துபோச்சு என்று போன் வந்தால் நேரில் போக வேண்டாம், வாயால் சொல்லியே போட வைக்கலாம். ஆனால் அந்த சிஸ்டமெல்லாம் இன்றைக்கு இரும்புக் கடைக்குப் போயிருக்கும்.

மீன் கழுவிக்கொண்டிருக்கும்போது ஞாபகம் வந்தது. குளத்தூர் எடை மேடை. லாரியை நெல்லோடு நிறுத்தி எடை போட்டு ரசீது கொடுக்கும் இடம். எடை மேடைக்காரர்கள் ஓடுகிற சிஸ்டத்தை மாற்றவே மாட்டார்கள். இன்டர்நெட்டும் கொடுக்கவில்லை. நான் போட்டுவிட்டு வந்தது அப்படியே இருக்கும்.

அந்தக் கையோடே எடை மேடைக்குப் போன் அடித்தேன். போன் முழுக்க மீன் வாடை.

நவம்பர் 20, வியாழன்

புதுக்கோட்டை போய் பஸ் மாறி குளத்தூர். ஜன்னலோர சீட்டு. கடையை அவர் பார்த்துக்கொண்டார், ஜெராக்ஸ் மட்டும் எடுப்பார்.

எடை மேடையில் அதே சிஸ்டம். மேலே ஒரு விரல் தடிமனுக்குத் தவிட்டுத் தூசி. அதே ஆபரேட்டர் தங்கராசு, தலை மட்டும் வெளுத்திருக்கிறது.

"ஓடுறதைத் தொடாதீங்க மேடம். நின்னுச்சுன்னா ஓனரு என்னையும் சேத்து எடைக்குப் போட்டுருவாரு."

"தொடலை. ஒரு கேம் போட்டுக் குடுத்தேனே, இருக்கா?"

"கேமா? எந்த கேமு? நான் அதெல்லாம் பாத்ததே இல்ல."

உட்கார்ந்து திறந்தேன். கீபோர்டில் எழுத்துகள் எல்லாம் நன்றாக இருக்கின்றன, அம்புக்குறி நான்கும் தேய்ந்து வழுவழு. கேமில் மார்க் பட்டியல் வந்தது. முதல் இடத்திலிருந்து கடைசி இடம் வரை தங்கராசு.

"இவரு யாரு, ஒங்களுக்குச் சொந்தமா?"

ஆள் நெளிந்தார். "லோடு வராத நேரத்துல மட்டும் மேடம். ஓனர்ட்ட சொல்லிப்புடாதீங்க."

சொல்லவில்லை. பதிலுக்கு ஃபோல்டரைக் காப்பி எடுத்துக்கொள்ள ஒத்துக்கொண்டார். என் பையில் இருந்த புது மவுஸ் ஒன்றையும் கொடுத்தேன். காப்பி மெதுவாக ஏறுகிறது. வெளியே நெல் லாரி வந்து ஹாரன்.

"ஏ தங்கராசு, எடை போடுறியா, இல்ல நான் எறங்கி நெல்லை எண்ணிக் குடுக்கவா?"

"இருய்யா, கம்ப்யூட்டர் டாக்டரு வந்திருக்காங்க."

ஒரே ஒரு பெரிய ஃபைலில் மட்டும் காப்பி நின்றுவிட்டது. டிஸ்க்கில் அந்த இடம் கெட்டுப்போயிருக்கிறது. மூன்று முறை பார்த்தேன். வராது. அதை விட்டுவிட்டு மற்றதை எடுத்தேன். கிளம்பும்போது அந்த மார்க் பட்டியலைப் போனில் படம் பிடித்துக்கொண்டேன். எதற்கும் இருக்கட்டும்.

தங்கராசு வாசல் வரை வந்து சொன்னது: "யாருக்கு மேடம் இது? மூணாவது மலைத் திருப்பத்துல கொஞ்சம் முன்னாடியே எடது பக்கம் ஒடிக்கச் சொல்லுங்க. எல்லாரும் அங்கதான் விழுறது."

திரும்பும்போது பஸ்ஸில் மனசு சரியில்லை. அதுவும் குறை, இதுவும் குறை.

நவம்பர் 21, வெள்ளி

கடையில் சாமி படத்துக்குப் பூ. வெயில்.

குளத்தூர் காப்பியை இன்ஸ்டால் செய்து பார்த்தேன். அந்த ஃபைல் இல்லை என்று பாதியில் விழுந்தது. தெரிந்ததுதான்.

கண்ணாடிக் கடைப் பையன் நம் வாசல் வழியாகப் போனவன், "என்னக்கா, லாரி வந்துருச்சா?" என்றான். சரவணன் போய்ச் சொல்லியிருக்கிறான் போல. "வந்துக்கிட்டிருக்கு, ஓரமா நில்லுப்பா" என்றேன்.

பத்து மணி வாக்கில் பழைய சிஸ்டம் இரண்டைப் பிரித்துக்கொண்டிருந்தேன். ஒன்றில் போர்டு போய்விட்டது, ஒன்றில் பவர் சப்ளை போய்விட்டது. இரண்டிலும் நல்லதை எடுத்தால் ஒரு சிஸ்டம். இத்தனை வருசமாக என் பிழைப்பே அதுதான். ஸ்குரு டிரைவரைக் கீழே வைத்தேன்.

குளத்தூர் ஃபோல்டரை எடுத்து, 97-ல் நிற்கிற டோரன்ட் மேலேயே கொண்டுபோய் வைத்தேன். மறுபடி சோதித்துப் பார் என்று பட்டனைத் தட்டினேன். ஒவ்வொரு துண்டாகப் பார்க்கும். சரியானதை வைத்துக்கொள்ளும், கெட்டதைத் தள்ளிவிட்டு மற்றவர்களிடம் கேட்டு வாங்கும்.

97 இருந்தது இறங்கியது. அப்புறம் ஏறியது. 98. 99. யாரிடமும் இல்லாத துண்டு குளத்தூர் டிஸ்க்கில் இருந்திருக்கிறது. குளத்தூரில் கெட்டுப்போனது போலந்துகாரனிடம் இருந்திருக்கிறது. வந்து சேர்ந்தது. 100.

அதற்குப் பிறகு நடந்ததைத்தான் எழுத வேண்டும். பிரேசில்காரன் 97-லிருந்து நகர்ந்தான். போலந்துகாரன் நகர்ந்தான். அத்தனை பேரும் வரிசையாக. எத்தனை வருசமாக நின்றார்களோ. எல்லாரும் என் கடை சிஸ்டத்திலிருந்து எடுக்கிறார்கள். ஜெராக்ஸுக்கு வந்த அம்மா ஆதார் கார்டை நீட்டிக்கொண்டு நிற்கிறார், நான் திரையைப் பார்த்துக்கொண்டு நிற்கிறேன்.

"என்னம்மா, சீரியலா?"

"இல்லங்க. யாவாரம்."

வீட்டுக்காரரிடம் போனில் சொன்னேன். "காசு வருமா?" என்றார். வராது என்றேன். "ஆனாலும் கெத்துதான்" என்றார்.

நவம்பர் 22, சனி

செல்வம் வீடு. சரவணன் தன் லேப்டாப்பை அண்ணனுக்கே விட்டுவிட்டுப் போகிறான். புது விண்டோஸில் ஓட மாட்டேன் என்றது. பழைய விண்டோஸ் மாதிரி நடிக்க வைத்து ஓட்டினேன். லேப்டாப் பட்டன் சின்னது, அந்த விரலுக்கு ஆகாது. என்னிடம் இருந்த பெரிய கீபோர்டு ஒன்றைத் துடைத்துக் கொண்டுபோயிருந்தேன்.

செல்வம் கையைத் துண்டுக்குள் மறைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கேம் திறந்ததும் பார்த்துவிட்டு, "இது அது இல்லக்கா" என்றார்.

"அதேதான் தம்பி."

"இல்ல. அதுல மொதல்ல ஒங்க கடை பேரு வரும். பச்சைக் கலர்ல, பக்கத்துல ஒரு தாமரை."

எனக்கே மறந்துபோயிருந்தது. அந்தக் காலத்தில் முதல் படத்தை எடுத்துவிட்டு என் கடை விளம்பரத்தைப் போட்டுத்தான் எல்லாருக்கும் ஏற்றினேன். நேற்று சோதித்தபோது அதையும் கெட்ட துண்டு என்று தள்ளிவிட்டுக் கம்பெனிக்காரன் படத்தை வாங்கி வைத்திருக்கிறது. பென் டிரைவில் குளத்தூர் காப்பி இருந்தது. அங்கேயே உட்கார்ந்து என் படத்தைத் திரும்பப் போட்டேன். பச்சை எழுத்து வந்தது. 'வ' அழியாமல் இருக்கிறது.

அப்போதும் கை வெளியே வரவில்லை. போனில் இருந்த மார்க் பட்டியலைக் காட்டினேன்.

"யாரு இந்தத் தங்கராசு?"

"குளத்தூர் எடை மேடைக்காரரு."

"குளத்தூரானா மொதல்ல நிக்கிறான்?"

செல்வத்தின் மனைவி ராணி அடுப்படியிலிருந்து, "நிக்கட்டும் விடுங்க, ஒங்களுக்குத்தான் கை வராதே" என்றாள். எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. பொழைக்கத் தெரிந்த பெண்.

துண்டு விலகியது. முதல் மலையிலேயே லாரி பள்ளத்தில். இரண்டாம் முறையும். ஆட்காட்டி விரல் கட்டை மாதிரி நிற்கிறது. நான் கிளம்பும்போது எத்தனையாவது முறையோ தெரியாது.

கூலி வாங்கினேன். சும்மா செய்தால் மதிப்பு இருக்காது.

நவம்பர் 23, ஞாயிறு

கடை லீவு. சரவணன் திருச்சிக்குக் கிளம்பியாச்சு என்று போன். கடை சிஸ்டம் மட்டும் ஓடிக்கொண்டிருக்கிறது. யாரோ புதுசாக இரண்டு பேர் எடுக்கிறார்கள்.

நவம்பர் 26, புதன்

மேகமூட்டம். செல்வம் கடைக்கே வந்துவிட்டார், கீபோர்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு.

"மூணாவது மலையில லாரி திரும்ப மாட்டேங்குதுக்கா. எடது பட்டன் மக்கர். மாத்திக் குடுங்க."

சொருகிப் பார்த்தேன். பட்டன் சுத்தம். கோளாறு எதில் என்று எனக்கும் தெரியும், அவருக்கும் தெரியும் என்றுதான் நினைக்கிறேன். கடையில் இரண்டு பேர் நின்றார்கள். "ஆமா தம்பி, மக்கர்தான்" என்றேன்.

உள்ளே கொண்டுபோய் அதே கீபோர்டை நன்றாகத் துடைத்து, வேறு பெட்டியில் போட்டு, டேப் ஒட்டிக் கொடுத்தேன். கொஞ்சம் முன்னாடியே ஒடிக்கணுமாம், குளத்தூர்க்காரர் சொன்னார் என்றேன்.

"அவன் ஒண்ணும் எனக்குச் சொல்ல வேணாம்" என்று பெட்டியை வாங்கினார். வலது கையால் வாங்கினார்.

நவம்பர் 29, சனி

போர்டுக்கு பெயின்ட் அடிக்கிறவர் வந்தார். 'வ' போட்டாச்சு. இங்க் பில். உரக்கடை கேமராவில் இப்போது எலி.

சாயங்காலம் செல்வம் போன். பின்னால் லாரி உறுமுகிற சத்தம், ராணி ஏதோ கத்துகிறாள்.

"அக்கா, திரும்பிருச்சு. மூணாவது மலை. பாத்தீங்களா, புது கீபோர்டு புது கீபோர்டுதான்."

ஆமாம் தம்பி என்றேன்.