சூரியன் முத்தமிட்ட கொடி

மார்ச் 4

அன்பு மருமகளுக்கு,

இதை உலகத்தில் ஒருவரும் நம்பப் போவதில்லை, நீயும் நம்பாதே. ஆனாலும் என் கத்தரிக்கோல் மீது ஆணையாகச் சொல்கிறேன். அரசாங்கம் இன்றுவரை ஒப்புக்கொள்ளாத நம் வட்டாரத்துப் பச்சை வெள்ளைக் கொடியை முப்பத்திரண்டு வருஷத்துக்கு முன் முதன்முதலில் தைத்தவன் இந்தத் தாய்மாமன்தான். அது உன் அருங்காட்சியகத்தில் கண்ணாடிப் பெட்டிக்குள் போகிறதாம். நடுவில் இருக்கும் மஞ்சள் சின்னம் படகா, மலையா என்று இரண்டு கட்சிகள் அடித்துக்கொள்வதால், தைத்தவரே எழுதித் தர வேண்டும் என்கிறாய்.

கேள். ஒரே மூச்சில் நாற்பதாயிரம் தையல். மெஷின் சூட்டில் தெருவே வியர்த்தது. அப்போது ஏழு கடல் தாண்டி ஒரு தூதன் வந்து, "இளவரசி பிறந்துட்டா!" என்றான். நான் குதித்த குதியில் சூரியன் தடுக்கி விழுந்து, வெள்ளைத் துணியில் ஒரு முத்தம் வைத்துவிட்டு ஏறிப்போனான். அந்தத் தழும்புதான் மஞ்சள்.

கடை வாசலில் 'முதல் கொடி தைத்த இடம்' என்று பலகை மாட்ட மரம்கூட வாங்கிவிட்டேன். வேளைக்குச் சாப்பிடு.

உன் தாய்மாமன்,
ஊசி உலகச் சக்கரவர்த்தி

மார்ச் 9

அன்புள்ள மாமா,

வரலாறு கேட்டால் கதை விடுகிறீர்கள். பெட்டிக்குக் கீழே வைக்கும் குறிப்பில் சூரியன் தடுக்கி விழுந்தான் என்றா எழுதுவது? தைத்தவர் வார்த்தையே முடிவு என்று பத்திரிகையில் அறிவித்துவிட்டோம். ஒரு வரி போதும்.

உறை இரண்டு முறை பிரித்து ஒட்டினது மாதிரி இருக்கிறதே, ஏன்? போன் ஏன் எடுப்பதில்லை?

உங்கள் மருமகள்

மார்ச் 13

அன்பு மருமகளுக்கு,

போன் முன்வாசல்காரர் சட்டைப்பையில் பத்திரமாக இருக்கிறது. உங்கள் அறிவிப்பு வந்த மறுநாளே எனக்கு ராஜமரியாதை. முன்வாசலில் படகுக் கட்சிக்காரர், பின்வாசலில் மலைக் கட்சிக்காரர். எனக்குப் பாதுகாப்பாம்! கடிதத்தை இருவரும் படித்துவிட்டுத்தான் ஒட்டுகிறார்கள். போன முறை ஒரு பிழையைத் திருத்தியும் கொடுத்தார்கள்.

"மாஸ்டர், படகுன்னு ஒரு வார்த்தை எழுதுங்க, நான் வீட்டுக்குப் போறேன்" என்கிறார் ஒருவர்.

"எழுதிப் பாருங்க மாஸ்டர், கடை இருக்கான்னு அப்புறம் பாக்கலாம்" என்கிறார் மற்றவர்.

நூல்கண்டு வாங்கக்கூட வெளியே போய்ப் பத்து நாளாகிறது. ஒன்பதடிக்கு ஏழடி என் சாம்ராஜ்யம். அளவு டேப்பால் தினமும் அளக்கிறேன், சத்தியமாகச் சுருங்குகிறது. ஆகவே மீண்டும் உறுதிப்படுத்துகிறேன்: சூரியன்தான்.

உன் தாய்மாமன்

மார்ச் 17

மாமா,

நான் கேட்ட கேள்விதான் உங்களை அடைத்து வைத்திருக்கிறது என்று இப்போதுதான் புரிந்தது. மன்னித்துவிடுங்கள்.

குறிப்பை அச்சுக்குக் கொடுத்துவிட்டேன். "தைத்தவர்: தெரியவில்லை. சின்னத்தின் பொருள்: தெரியவில்லை." இனி யார் கையெழுத்தும் ஏற்கப்படாது என்று முத்திரை வைத்து இரண்டு கட்சிக்கும் நகல் அனுப்பியாகிவிட்டது. இனி உங்களால் அவர்களுக்கு லாபமில்லை. கடை வாசலில் 'முதல் கொடி தைத்த இடம்' என்று பலகை மாட்டும் ஆசையை விட்டுவிடுங்கள் மாமா. எனக்கு வேறு வழி தெரியவில்லை.

உங்கள் மருமகள்

மார்ச் 22

அன்பு மருமகளுக்கு,

நகல் வந்த அன்றே இருவரும் போய்விட்டார்கள். "வரேன் மாஸ்டர்" என்றுகூடச் சொல்லவில்லை. போன் மேஜை மேல் இருக்கிறது. ஆனாலும் இதைப் போனில் சொல்ல வாய் வராது.

கதவு திறந்துதான் கிடக்கிறது. கால்தான் நிலைப்படி வரை போய்த் திரும்பிவிடுகிறது. பலகைக்கு வாங்கிய மரத்தை முக்காலி ஆக்கிக்கொள்கிறேன்.

இந்தக் கடிதத்தைப் பிரித்துப் படிக்க ஆளில்லை. அதனால் உனக்கு மட்டும். கொடி தைத்த அன்றைக்குத் துணிமேல் இஸ்திரிப் பெட்டியை வைத்தபடியே விட்டுவிட்டு ஓடினேன். திரும்பி வந்தபோது கரிந்திருந்தது. ஒரு பக்கம் கூர், ஒரு பக்கம் தட்டை. அதை மறைக்க அதே வடிவில் மஞ்சள் ஒட்டுப் போட்டேன். படுக்க வைத்தால் படகு, நிமிர்த்தினால் மலை. இதைச் சொல்லியிருந்தால் இரண்டு கட்சியும் ஒன்றுசேர்ந்து என்னை இஸ்திரி போட்டிருக்கும்.

ஏன் ஓடினேன் என்கிறாயா? ஆஸ்பத்திரியிலிருந்து உன் அப்பா ஆள் அனுப்பியிருந்தார். முதல் கடிதத்தில் நாற்பதாயிரம் தையல் பொய், ஏழு கடல் பொய், சூரியனும் பொய். இளவரசி பிறந்தாள் என்பது மட்டும் நிஜம்.

உன் தாய்மாமன்