உங்கள் பேரில் எரியும் விளக்கு

என்னங்க,

இப்படிக் கூப்பிட்டால் கையிலிருக்கிற வேலையைப் போட்டுவிட்டுத் திரும்பிப் பார்ப்பீர்களே, அந்த முகத்துக்குத்தான் இதை எழுதுகிறேன். எனக்கு எழுதிப் பழக்கமில்லை என்பது உங்களுக்குத் தெரியும். அஞ்சாம் வகுப்போடு தேயிலைக் கொழுந்துக்கூடையைத் தூக்கினவள். ஆனால் இது உங்கள் பெயரைப் பற்றிய விஷயம். வேறு யார் வாயாலும் உங்களிடம் வந்து சேரக்கூடாது.

உங்கள் வருஷத் திவசம் ஐப்பசி கடைசியில் முடிந்தது. சுதாகர் கட்டாரிலிருந்து வர முடியவில்லை. குளவி கொட்டி உங்களைப் பதுளை ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடினபோதும் அவனால் வர முடியவில்லை, போய்ச் சேர்ந்த புதுசு. குழிக்குள் மகன் போடவேண்டிய மண்ணை உங்கள் தம்பி குமார்தான் போட்டார். அந்தக் குறை பிள்ளையை அரித்துக்கொண்டே இருந்திருக்கிறது.

அதனால் திவசத்துக்கு நம் மாரியம்மன் கோயில் கோபுரத்து உச்சிக்கு ஒரு பெரிய போக்கஸ் லைட் உபயமாகக் கொடுத்தான். கோயில் கமிட்டிச் செயலாளர் என்பதால் குமாரே பதுளை டவுனுக்குப் போய் வாங்கிவந்து மாட்டினார். கீழே ஒரு பலகை. ‘அமரர் பெருமாள் சிவலிங்கம் ஞாபகார்த்தமாக மகன் சுதாகர் உபயம்.’ லைட் போட்டால் பதுளை ரோட்டில் போகிற பஸ்ஸிலிருந்து உங்கள் பெயரைப் படிக்கலாம். முதல் நாள் நான் நம் லயத்து வீட்டு வாசலில் நின்று பார்த்துக்கொண்டே இருந்தேன். சந்தோஷப்படவில்லை என்று சொன்னால் அது பொய்.

அடுத்த நாளே பள்ளத்திலிருந்து மூடுபனி ஏறிவிட்டது.

நீங்கள் போன பிறகு ஓடைக்கரைக் காட்டில் குருவிக் கணக்கை நான்தான் எடுக்கிறேன். அது உங்களுக்குத் தெரியாமலா இருக்கும்? வேலைக்குப் பேர் கொடுக்கப் பெரட்டுக்குப் போகுமுன் விடியக்காலையில் போய், எந்தக் குருவி கேட்டது, எது கண்ணில் பட்டது என்று பார்த்து, குருவி மிஸ்ஸுக்குப் போனில் சொல்லிவிடுவேன். யூனிவர்சிட்டியிலிருந்து வந்து வலை கட்டிக் குருவி பிடித்து, காலில் வளையம் மாட்டிப் பறக்கவிடுவாரே, அதே மிஸ்தான். வாச்சர் வேலையில் காவலுக்குக் காட்டைச் சுற்றின உங்களைப் பிடித்துப் பழக்கினவர், இப்போது என்னோடு மாரடிக்கிறார்.

பனி ஏறின அந்த ராத்திரி விடியும்போது கோயில் வழியாகப் போனேன். படிக்கட்டில் யாரோ பூக்களைக் கொட்டிவிட்டுப் போனமாதிரி இருந்தது. கிட்டப் போனேன். பச்சை முதுகு, சிறகில் நீலம், வாலுக்கடியில் சிவப்பு. ஆறுமணிக் குருவிகள். தகரக் கூரைக்குக் கீழேயும், வேல் கம்பிக்குப் பக்கத்திலும், செவ்வந்திச் செடிக்குள்ளும். கூடவே பெயர் தெரியாத சின்னக் குருவிகள். சிலதுக்கு மூச்சு ஓடிக்கொண்டிருந்தது.

உயிர் இருந்ததைக் கூடையில் துண்டு விரித்து வைத்தேன். நீங்கள் செய்கிறமாதிரி அட்டைப் பெட்டியில் ஓட்டை போட்டு, இருட்டாக்கி, வாயில் தண்ணீர் ஊற்றாமல் விட்டேன். கொஞ்சம் பிழைத்துப் பறந்தது. மிச்சம் பறக்கவில்லை. அதில் ஒன்றின் காலில் வளையம் இருந்தது. நம்பரைப் படம் பிடித்து மிஸ்ஸுக்கு அனுப்பினேன். உடனே கூப்பிட்டார்.

“அக்கா, இது நம்ம ஓடையில வளையம் போட்டது. அண்ணன்தான் கையில பிடிச்சிருந்தாரு. இந்தியா போயி, குஞ்சு பொரிச்சு, திரும்ப இங்கயே வந்திருக்கு.”

நீங்கள் சிரித்துச் சொல்வீர்களே, ‘இதுங்க பாஸ்போட் இல்லாம வருஷா வருஷம் போயி வருது. நம்மாளு இந்தியாவுல இருந்து ஒருவாட்டி வந்ததுக்கு எத்தன பத்திரம் கேட்டாங்க’ என்று. அந்தக் குருவி கடல் தாண்டி, மலை ஏறி, தன் ஓடைக்கு ஒரு கூப்பிடு தூரத்தில் உங்கள் பெயருக்குக் கீழே விழுந்து கிடந்தது.

“ராத்திரியில பறக்குறதுங்க அக்கா. பனிக்குள்ள பெரிய வெளிச்சத்தப் பாத்தா வழி தடுமாறி அதையே சுத்தும். களைச்சு விழும், இல்லாட்டி மோதும். இந்தக் கிழமை பூரா பனிதான்னு சொல்றாங்க. வாரது இன்னும் நிறைய இருக்கு.” பிறகு சொன்னார். “கோயில் விஷயத்துல நான் வந்து பேசினா சரியா இருக்காது. நீங்கதான் பாக்கணும்.”

நேரே குமாரிடம் போனேன். தண்ணீர்ப் பீலிக்கரையில் பல் விளக்கிக்கொண்டிருந்தார். கூடையைத் திறந்து காட்டினேன்.

“பாவம்தான் அண்ணி. அதுக்காக, அண்ணன் பேர்ல வச்ச லைட்ட அண்ணியே நிப்பாட்டச் சொன்னா ஊரு என்ன பேசும்?”

“நிப்பாட்ட வேணாம் தம்பி. கீழ இறக்கிப் படிக்கட்டப் பாத்து வைங்க. மேல தகரம் ஒண்ணு மூடிட்டா வெளிச்சம் ஆகாயத்துக்குப் போகாது.”

“அப்பப் பலக இருட்டுல கிடக்கும். ரோட்டுல இருந்து பேரு தெரியணும்னு சுதாகர் படிச்சுப் படிச்சுச் சொன்னான். அவன் வார்த்த இல்லாம நான் கை வைக்க மாட்டேன்.” பிறகு வாயைக் கொப்பளித்துவிட்டுச் சொன்னார். “அண்ணனும் இப்பிடித்தான். வீட்டுல அரிசி இருக்கான்னு தெரியாது, ஓடையில எந்தக் குருவி ஒத்தக்கால்ல நிக்குதுன்னு தெரியும்.”

தண்ணீர் பிடிக்க வந்த பக்கத்து வீட்டு லெச்சுமி குடத்தை இறக்கி வைத்துவிட்டு என்னைப் பார்த்தாள்.

“புருசன் பேரு பளபளன்னு எரியுறது பொறுக்கலையாக்கும் உனக்கு? எம்மவ டவுன் கடையில வேல முடிஞ்சு கடைசி பஸ்ஸுல வாரா. போன மாசம் அந்தப் படிக்கட்டுப் பக்கந்தான் சிறுத்தை நாயத் தூக்கிட்டுப் போச்சு. நீ குருவியப் பாத்துக்க. எம்மவள யாரு பாப்பா?”

அவள் கேட்டதில் என்ன தப்பு? நீங்கள் இருந்தால் ஏதாவது சொல்லிச் சிரிக்கவைத்திருப்பீர்கள். எனக்கு அது வரவில்லை.

அன்று கொழுந்து எடுக்கக் கையே ஓடவில்லை. மலையில் நின்றாலும் கண் பள்ளத்திலேயே இருந்தது. மத்தியானத்திலேயே அங்கே வெள்ளையாகத் திரள ஆரம்பித்துவிட்டது. அன்றைக்கு வெள்ளிக்கிழமை வேறு. பூஜை இருக்கும், லைட் போடுவார்கள். கொழுந்து நிறுத்து முடிந்ததும் சுதாகருக்குப் போன் எடுத்தேன். நடந்ததைச் சொன்னேன். அவன் பொறுமையாகத்தான் கேட்டான். லைட்டை இறக்கவேண்டும் என்றதும் குரல் மாறிவிட்டது.

“நான் ஒரு பிடி மண்ணு போடலம்மா. போட்டோவுலதான் அப்பாவப் புதைக்கிறதப் பாத்தேன். பஸ்ஸுல போற எவனாச்சும் எங்கப்பா பேரப் படிக்கட்டும்னுதான் அதப் போட்டேன். அதையும் எடுக்கச் சொல்றீங்களா?”

“எடுக்கச் சொல்லலய்யா...”

“இருட்டுல வைக்கிறதும் எடுக்குறதும் ஒண்ணுதான். அது அணஞ்சிச்சுன்னா எனக்கு இனிமே போன் எடுக்காதீங்க.”

வைத்துவிட்டான்.

எனக்கென்று மிஞ்சியிருப்பது அவன் ஒருவன். அவன் குரல் கேட்டால்தான் எனக்குச் சோறு இறங்கும். நான் என்ன செய்யட்டும் என்று உங்களைக் கேட்டுக்கொண்டே கோயிலுக்கு நடந்தேன். நீங்கள் எங்கே பதில் சொன்னீர்கள்?

பூஜை தொடங்கும்போது கோபுரம் பாதிதான் தெரிந்தது. குமார் சுவிச்சைப் போட்டார். பனி முழுக்கப் பால்போல வெளுத்தது. அதற்கு நடுவில் உங்கள் பெயர். எல்லாரும் உள்ளே சாமியைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். நான் வெளியில் மேலே பார்த்துக்கொண்டிருந்தேன். முதலில் சத்தம்தான் வந்தது. மெல்லிசாக, சின்னச் சின்னக் கீச்சு, மேலே எங்கேயோ சுற்றிச் சுற்றி. அப்புறம் தகரத்தில் ஒரு ‘டொப்’. கொஞ்சம் விட்டு இன்னொன்று. உள்ளே மணி அடித்தபடி இருந்தது, யாருக்கும் கேட்கவில்லை.

நான் உள்ளே போய்க் குமாரின் சட்டையைப் பிடித்து இழுத்தேன். கொழுந்தனின் சட்டையைத் தொட்டது என் வாழ்க்கையில் அன்றுதான்.

“ஒரு நிமிசம் வெளிய வந்து நில்லுங்க தம்பி. ஒண்ணும் பேச வேணாம். காத மட்டும் குடுங்க.”

முறைத்துக்கொண்டுதான் வந்தார். நின்றார். அண்ணாந்து பார்த்தார். வெளிச்சத்துக்குள் சாம்பல் பறக்கிறமாதிரி அதுகள் சுற்றிக்கொண்டிருந்தன. ஒன்று வந்து பலகையில் மோதி அவர் காலடியில் விழுந்தது. குனிந்து இரண்டு கையாலும் எடுத்தார். அது வாயைத் திறந்து மூடியது. பிறகு திறக்கவில்லை. குமார் அதைக் கீழே வைக்கவும் இல்லை, என்னைப் பார்க்கவும் இல்லை.

“அண்ணி, நான் சுதாகருக்கு என்ன சொல்லுவேன்?”

“நான் சொல்லிக்கிறேன்.”

“என் கையால அண்ணன் பேர அமத்த மாட்டேன். அத மட்டும் கேக்காதீங்க.”

சுவிச்சு இருக்கிற அறை வாசலுக்குப் போனேன். அதற்குள் ஆட்கள் வெளியே வந்துவிட்டார்கள். வெள்ளிக்கிழமை, விளக்கு வைத்த நேரம், தாலி அறுத்தவள் கோயில் வெளிச்சத்தை அமர்த்தப்போகிறாள். எல்லார் கண்ணும் முதுகில் குத்தியது. பூசாரி தட்டோடு வந்து நின்றார். தடுக்கப்போகிறார் என்று நினைத்தேன்.

“சாமி விளக்கு உள்ள எரியுதும்மா,” என்றார். “நீங்க செய்ய வந்ததச் செய்ங்க.”

சுவிச்சை இறக்கினேன்.

உங்கள் பெயர் இருந்த இடத்தில் கறுப்பாக ஒன்றுமில்லாமல் போனது. ஆஸ்பத்திரியில் உங்கள் முகத்தை மூடினபோது நான் அழுதேன், புதைத்தபோது அழுதேன், ஆனால் நீங்கள் போய்விட்டீர்கள் என்பது அந்த இருட்டில்தான் எனக்கு உறைத்தது. மேலே கீச்சுச் சத்தம் இன்னும் கொஞ்ச நேரம் சுற்றியது. பிறகு ஒவ்வொன்றாக விலகி, ஓடைப் பக்கமாகப் போய்த் தேய்ந்தது.

கடைசி பஸ் வருகிற நேரம் ஆகிவிட்டது. டோர்ச்சை எடுத்துக்கொண்டு நானும் குமாரும் படிக்கட்டில் இறங்கினோம். ரோட்டில் லெச்சுமி எங்களுக்கு முன்னே வந்து நின்றுகொண்டிருந்தாள்.

“வந்துட்டா குருவிக்காரி,” என்றாள். பிறகு, “டோர்ச்ச எம்மவ பக்கம் பிடி. வானத்தப் பாத்துக்கிட்டு வராத,” என்று என் கையைப் பிடித்துக்கொண்டாள். மகள் வந்ததும் நாலு பேரும் சேர்ந்து ஏறினோம். அதற்குப் பிறகு பனி ஏறுகிற நாளெல்லாம் லைட்டைப் போடாமல் அப்படித்தான் இறங்கி ஏறுகிறோம். லெச்சுமி வழி முழுக்க என்னைத் திட்டிக்கொண்டே வருவாள். சிறுத்தை அந்தச் சத்தத்துக்கே அண்டாது.

சுதாகருக்கு அன்றே சொல்லிவிட்டேன். ‘நான்தான் அமர்த்தினேன், சித்தப்பா இல்லை’ என்று மெசேஜில் பேசி அனுப்பினேன். கேட்டிருக்கிறான் என்று போனில் காட்டியது. பதில் வரவில்லை. நான் கூப்பிட்டாலும் எடுக்கவில்லை. காலையில் படிக்கட்டைப் பார்ப்பேன், ஒன்றும் விழுந்திருக்காது. போனைப் பார்ப்பேன், அதிலும் ஒன்றும் இருக்காது. குருவியைக் காப்பாற்றப் போய்ப் பிள்ளையைத் தொலைத்துவிட்டேனா என்று ஓடைக்கரையில் உட்கார்ந்து உங்களைத் திட்டினேன். கேட்டதா?

போன ஞாயிற்றுக்கிழமை அவனே கூப்பிட்டான்.

“இன்னைக்கு விழுந்துச்சாம்மா?”

“இல்லய்யா.”

“நேத்து?”

“அன்னையில இருந்து ஒண்ணுகூட விழல.”

மூச்சை இழுத்து விட்டான். “சித்தப்பா பேசினாரு. அவரு கையிலயே ஒண்ணு செத்துச்சாம். சொல்றப்ப அழுதுட்டாரும்மா. அப்பாவுக்குக் கூட அவரு என்கிட்ட அழல.” பிறகு சொன்னான். “லைட்டப் படிக்கட்டுக்கு இறக்கிடச் சொல்லுங்க. லெச்சுமி அத்த மக பயப்படாம வரட்டும்.”

“பலகய என்னய்யா செய்ய?”

அதைக் கேட்டதும் ‘வைக்கிறேம்மா’ என்று போனை வைத்துவிட்டான்.

நேற்று லைட்டை இறக்கிப் படிக்கட்டு முகப்பில் வைத்தாயிற்று. மேலே குமார் தகரம் வளைத்து மூடியிருக்கிறார். வெளிச்சம் படியை விட்டு வெளியே போகவில்லை. எல்ல ஊர்ப் பக்கத்து மலைமேல் புது ஓட்டல் விளக்குகள் மட்டும் அப்படியே எரிகின்றன. அங்கே காலையில் எதைக் கூட்டி அள்ளுகிறார்களோ? வாசல் கூட்டப் போகிற நம் லயத்துப் பிள்ளைகளிடம் கேட்கவேண்டும், மிஸ்ஸையும் கூட்டிக்கொண்டு போய்ப் பேசவேண்டும். கோயிலைவிட அது கஷ்டமாக இருக்கும் என்று நினைக்கிறேன்.

உங்கள் பலகையைக் கழுவித் துடைத்து வீட்டுக்குள் வைத்திருக்கிறேன். குமார் எங்காவது மாட்டிவிடலாம் என்றார், நான் விடவில்லை. சுதாகருக்கு லீவு கிடைக்கும்போது வரட்டும். உங்கள் குழிமேட்டில் மண்ணைத் தோண்டி, அவன் கையாலேயே அதை நட்டு, அவனே மண்ணைத் தள்ளி மூடட்டும். அதுவரைக்கும் உங்கள் பெயர் எங்கேயும் ஏறாது. பனி ஏறுகிற எந்த மாலையிலும் கோபுரத்தில் வெளிச்சம் ஏறவும் விடமாட்டேன். இது நான் உங்களுக்குக் கொடுக்கிற வாக்கு.

உங்கள் பெயரை அமர்த்திய கைக்காரி,
சுதாகரின் அம்மா,
உங்கள் வீட்டுக்காரி புஷ்பம்