தண்ணீர் இல்லாத அருவி

தலைச்சோலை
21.4.1986

மஸ்கட்டில் இருக்கும் என் வீட்டுக்காரருக்கு,

இங்கே எல்லோரும் சுகம். சின்னவள் முழுப்பரீட்சை எழுதி முடித்துவிட்டாள்.

நேற்று சேலத்திலிருந்து உங்கள் அக்கா குடும்பத்தோடு வேனில் ஏற்காடு சுற்றிப் பார்க்க வந்தார்கள். ஒரு இடம் காலியாக இருந்ததால் என்னையும் ஏற்றிக்கொண்டார்கள். நம் மலையை எனக்குச் சுற்றிக் காட்ட ஒரு கைடு. "தம்பி கடுதாசி ஏதும் போட்டானா கண்ணு?" என்று அக்கா கேட்டார்கள். நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

கிளியூர் அருவியில் சொட்டுத் தண்ணீர் இல்லை. இரண்டு பக்கமும் வெறும் பாறை. கம்பெனி வண்டியில் பாலைவனத்துப் பள்ளத்தாக்குக்குப் போனபோது நீங்கள் எடுத்து அனுப்பிய போட்டோவைப் போலவே இருந்தது. அங்கே நின்று என் பேரைச் சொல்லிக் கூப்பிட்டதாக எழுதியிருந்தீர்கள்.

"உங்களுக்குப் பிரியமானவங்க பேரைக் கூப்பிடுங்க, பாறை திருப்பிச் சொல்லும்" என்றார் கைடு. ஆளாளுக்குக் கத்தினார்கள். உங்கள் பேரை நான் எப்படி வாய்விட்டுச் சொல்வது? கவர் மேலேகூடச் சின்னவள்தான் எழுதுகிறாள். "அம்மிணி மட்டும் சும்மா நிக்கறீங்க" என்று அவர் சிரித்தார்.

எல்லோரும் படியேறிப் போன பிறகு, வீட்டில் உங்களைக் கூப்பிடுகிற மாதிரியே "ஏனுங்க" என்று ஒரே ஒரு தடவை கூப்பிட்டேன்.

பாறை மூன்று தடவை பதில் சொன்னது.

தீபாவளிக்குப் பிறகு இது நான் எழுதும் ஐந்தாவது கடிதம்.

இப்படிக்கு,
உங்கள் ஊட்டுக்காரி