அண்ணனுக்கு ‘டா’ போட்டேனாம்

செவ்வாய்க்கிழமை

குன்னத்தூர்த் தோட்டத்தில் என் பங்கைக் கேட்டுக் கேஸ் போட்டதற்காகப் பெரியப்பா மகன் கொடுத்த கிரிமினல் புகாரைக் கோர்ட் இன்று தள்ளுபடி செய்துவிட்டது. இது வெறும் சொத்துத் தகராறு, சிவில் கோர்ட்டில் பார்த்துக்கொள்ளுங்கள் என்று நீதிபதி சொல்லிவிட்டார்.

வேலியோரம் நின்று “வெட்டிடுவேன்டா” என்று கத்தினேனாம். பனியன் கம்பெனியில் செக்கிங் பார்க்கிற என் கண்ணுக்கு அந்த ஓட்டை முதல் வாசிப்பிலேயே தெரிந்தது. பிறந்ததிலிருந்து அண்ணனிடம் ‘ங்க’ போடாமல் நான் பேசியதே இல்லை. புகாரை எழுதிக் கொடுத்தவர் எந்த ஊரோ!

வெளியே வந்ததும் அண்ணனே பக்கத்தில் வந்தார்.

“பங்குக் கேசை விட்டுரு, கண்ணு.”

“விடமாட்டேனுங்கண்ணா.”

மெதுவாகத்தான் சொன்னேன். முகம் வெளுத்துவிட்டது அவருக்கு. நிஜமாகவே ‘டா’ போட்டிருந்தால்கூட இவ்வளவு பயந்திருக்க மாட்டார்.